மூன்று பிரதிகளில் ஒரு புகார்

1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், பிரிவு 52அ, உட்பிரிவு இரண்டு. ஒரு திரைப்படத்தை வீடியோவாக வெளியிடுகிறவர், படம் ஓடும்போது திரையிலும் கேசட்டின் உறையிலும் சில விவரங்களைக் காட்டியாக வேண்டும். தணிக்கைச் சான்றிதழின் நகல். வீடியோவைத் தயாரித்தவரின் பெயர், முகவரி, உரிமையாளரிடம் அனுமதி பெற்றதாக அவருடைய உறுதிமொழி. உரிமையாளரின் பெயர், முகவரி. இவ்வளவும் இல்லாத கேசட் சட்டத்தின் கண்ணில் திருட்டுப் பொருள்.

1997 செப்டம்பரில் ஒரு சனிக்கிழமை மாலை, கிட்வாய் நகர் அரசுக் குடியிருப்பில் என் வீட்டுத் தொலைக்காட்சியில் காட்டப்பட்ட விவரங்கள் வேறு. முதலில் ஒரு தோள் தெரிந்தது. பிறகு ஒரு பின்னந்தலை. அந்தத் தலைக்கு அப்பால், யாரோ போர்வைக்குள் பேசுவதுபோல் ஒரு கதாநாயகன் வசனம் பேசிக்கொண்டிருந்தான். எந்த ஊர்த் தியேட்டரிலோ ஒருவன் மடியில் கேமராவை ஒளித்து வைத்துப் பிடித்த படம். திரையின் அடியில் எங்கள் கேபிள்காரரின் தொலைபேசி எண்ணும், சரோஜினி நகரில் ஒரு தையல் வகுப்பின் விளம்பரமும் ஓடிக்கொண்டிருந்தன.

வெண்டைக்காய்ப் பையோடு உள்ளே நுழைந்த நான் வாசலிலேயே நின்றுவிட்டேன். கூடத்தில் என் மனைவி, மேல் வீட்டு அம்மாள், எதிர் பிளாக்கிலிருந்து இரண்டு பெண்மணிகள், தரையில் என் பதினான்கு வயது மகள்.

"இது என்ன படம்?"

"அடுத்த ஞாயித்துக்கெழம அண்ணாச்சி போடறாருல்லீங்க, அதுதான். கேபிள்ல போட்டுட்டான்" என்றாள் மனைவி.

"அதுக்கு நாம டிக்கெட் வாங்கி வெச்சிருக்கோம்."

"அதையும் போய்ப் பாத்துக்கலாமுங்க. இப்ப கொஞ்சம் ஒதுங்கி நில்லுங்க, மறைக்குது."

"ஏற்கெனவே ஒருத்தன் மறைச்சிட்டுத்தானே இருக்கான். கூட நானும் நிக்கறேன்."

யாரும் சிரிக்கவில்லை. தொலைக்காட்சிக்குள் மட்டும் சிரிப்புச் சத்தம் கேட்டது. அது முகம் தெரியாத ஏதோ ஊர் ரசிகர்களின் சிரிப்பு.

அண்ணாச்சி யாரென்று சொல்ல வேண்டும். மோதி பாக்கில் குடியிருந்த திருநெல்வேலிக்காரர். ஒரு மத்திய அரசு அலுவலகத்தில் மேல்நிலை எழுத்தர். பன்னிரண்டு ஆண்டுகளாகத் தென் தில்லியில் ஒரு தியேட்டரில் மாதம் இரண்டு ஞாயிற்றுக்கிழமைகள், காலை ஒன்பதரை மணிக்குத் தமிழ்ப்படம் போட்டவர். சென்னை விநியோகஸ்தர் ஒருவரிடமிருந்து படச்சுருள் பெட்டிகள் ரயிலில் வரும். வெள்ளிக்கிழமை பார்சல் அலுவலகத்தில் கையெழுத்துப் போட்டு அவர் எடுப்பார். திங்கட்கிழமை அதே ரயிலில் திருப்பி ஏற்றுவார். அரசு ஊழியர் வியாபாரம் செய்யக்கூடாது என்பதால் இதை ஒரு திரைப்படச் சங்கமாகப் பதிவு செய்திருந்தார். சங்க விதிகள், துறை அனுமதி, கேளிக்கை வரி விலக்கு மனு என எல்லாமே நான் எழுதிக் கொடுத்தவை. அவருக்கு எழுத்து வேலை என்றாலே பயம். எழுத்தர்களில் அப்படிப் பலரை நான் கண்டிருக்கிறேன்.

சிறப்பான படங்களென்று சொல்ல மாட்டேன். பாதிக்கு மேல் குப்பை. ஆனால் குப்பையையும் எழுநூறு பேர் சேர்ந்து பார்க்கும்போது வேறொன்று நடந்தது. என் மகள் தில்லியில் பிறந்தவள். வீட்டில் நாங்கள் தமிழில் கேட்டால் இந்தியில் பதில் சொல்வாள். தமிழ் எழுத்தைப் படம் பார்ப்பதுபோல் பார்ப்பாள். அந்தத் தியேட்டரில் ஒரு நகைச்சுவைக்கு அரங்கம் சிரித்து அரை விநாடி கழித்து அவள் சிரிப்பாள். "க்யா போலா?", என்ன சொன்னான் என்று என்னைக் கேட்பாள், நான் சொல்லுவேன். ஓராண்டு கழித்து அந்த அரை விநாடி குறைந்தது. பிறகு அவள் என்னைக் கேட்பதும் நின்றுபோனது. மொழி வகுப்புக்கு அனுப்பியும் நடக்காத காரியம் இது. மேடைதோறும் மொழியைக் காப்பாற்றிய பெரியவர்கள் எவராலும் ஆகாத காரியம். அதை ஒரு எழுத்தர் தகரப் பெட்டிகளைச் சுமந்து செய்துகொண்டிருந்தார்.

அந்த ஆண்டு விநியோகஸ்தர் புதிய நிபந்தனை ஒன்று போட்டிருந்தார். வெளிமாநிலங்களுக்குப் போகும் பெட்டிகளிலிருந்துதான் திருட்டு நகல் எடுக்கிறார்கள் என்பது அவருடைய சந்தேகம். பெட்டி தில்லியில் இருக்கும் நாட்களில் தில்லியில் எடுத்த நகல் என்று ஒரே ஒரு கேசட் பிடிபட்டாலும் அண்ணாச்சிக்கு இனிப் பெட்டி கிடையாது. ஒப்பந்தத்தை என்னிடம் கொண்டுவந்து, "என்ன சார் போட்டிருக்கான்?" என்று கேட்டார். விளக்கினேன். "அப்போ பெட்டிய கட்டிலுக்கடியில வச்சு மேல நானே படுத்துக்கிடுதேன்" என்றார்.

இம்முறை அதை உண்மையிலேயே செய்தார். பெட்டிகள் வெள்ளிக்கிழமை வந்துவிட்டன. அந்த ஞாயிறு தியேட்டரில் ஏதோ பள்ளி ஆண்டுவிழா. ஆகவே அடுத்த ஞாயிறுதான் காட்சி. நடுவில் ஒன்பது நாட்கள் பெட்டிகள் அவர் கட்டிலுக்கு அடியில். அந்த ஒன்பதில் இரண்டாம் நாள்தான் நான் வெண்டைக்காயோடு வாசலில் நின்றது.

எங்கள் குடியிருப்பின் அறிவாளி மேல் வீட்டுக்காரர். தஞ்சாவூர்ப் பக்கம். சட்ட நுணுக்கம் பேசிச் சம்பளம் வாங்கியவர். படிக்கட்டில் பிடித்து நிறுத்தினேன்.

"சார், இது திருட்டுப் படம். வீட்டு அம்மாளையாவது பாக்க வேண்டாம்னு சொல்லக்கூடாதா?"

"ஓய், படம் எடுத்தவன் பங்களா கட்டிண்டு உக்காந்திருக்கான். நாலு பொம்மனாட்டி பாத்தா அவன் பங்களா இடிஞ்சுடுமா?"

"அவன் பங்களா இடியாது. அண்ணாச்சி காட்சிதான் இடியும்."

"அதுக்கு என்ன பண்றது? ஞாயித்துக்கிழம கார்த்தால பஸ்ஸப் பிடிச்சு, முக்கா மணி நேரம் நின்னுண்டு போய்ப் பாக்கணும். இது வீட்டுக்குள்ள வர்றது. நீர் காலத்தோட ஒட்டி வாரும்."

தில்லித் தமிழர் கூட்டங்களில் இதே மனிதர் மைக்கைப் பிடித்து, அடுத்த தலைமுறைக்குத் தமிழ் போய்ச் சேரவில்லையே என்று கண் கலங்கியதை நான் முன் வரிசையிலிருந்து பார்த்திருக்கிறேன். மொழிக்காக உயிரையும் தருவார். ஞாயிற்றுக்கிழமைக் காலைத் தூக்கத்தைத் தரமாட்டார்.

கேபிள்காரரைத் தேடிப் போனேன். பஞ்சாபி. சந்தா வாங்குவதற்காகவே தமிழ் கற்றவர். எங்கள் பிளாக்கில் பிறந்த பிள்ளைகளைவிட நன்றாகப் பேசினார்.

"சார்ஜி, மாமி லோக் கேட்டாங்கோ, நான் போட்டேன். என் தப்பு என்ன?"

"கேசட் எங்கேர்ந்து வந்தது?"

"அரே, ஒங்க மேல் வீட்டு சாப் குடுத்தாரு. அவர் சாலா, மச்சான், சிங்கப்பூர்லேர்ந்து கொண்டாந்தது. நாளைக்கு மத்தியானம் மறுபடி போடறேன். நெறைய டிமாண்ட். ஆப் பி தேக்கோ சார்ஜி, நீங்களும் பாருங்கோ."

இந்த இடத்தில் மற்றவர்கள் கத்தியிருப்பார்கள், அல்லது சும்மா இருந்திருப்பார்கள். நான் முப்பத்தோரு ஆண்டுகள் கோப்பு பார்த்தவன், அரசிதழ்ப் பதிவு பெற்ற அதிகாரி. புகார் எழுதினேன்.

ஒரு குற்றச்சாட்டு, அதற்கான சட்டப்பிரிவு, அதற்கான ஆதாரம். இந்த மூன்றும் இல்லாத புகார் குப்பைக்கூடைக்குத் தானாகவே நடந்து போகும். முதல் இரண்டும் என் கைவசம் இருந்தன. உதவி ஆய்வாளர் பதவிக்குக் குறையாத எந்தக் காவல் அதிகாரியும் பிடியாணை இல்லாமலே திருட்டுப் பிரதிகளைக் கைப்பற்றலாம் என்ற பிரிவு 64ஐயும் மேற்கோள் காட்டினேன். ஆதாரத்துக்கு ஞாயிறு மதியம் மறு ஒளிபரப்பை வீட்டு வீசீயாரில் பதிவு செய்ய முடிவெடுத்தேன். எந்திரத்தை இயக்கத் தெரிந்தவள் மகள்தான்.

"அப்பா, ஆட் வந்தா பாஸ் பண்ணணுமா?"

"கூடாது. விளம்பரமும் ஆதாரம்."

"அந்த மண்டை வந்தா?"

"அதுவும் ஆதாரம்."

"அச்சா. அப்ப கிளைமாக்ஸ் இல்லாம கேசட் முடிஞ்சிடும்" என்றாள். முடிந்தது.

புகாரில் மேல் வீட்டுக்காரரின் பெயர் இல்லை. அவரிடம் மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டியின் சாவி இருந்தது. இதை வேறு எப்படிச் சொன்னாலும் பொய்யாகும்.

புகார் காவல் நிலையத்துக்கு. நகல்கள் இரண்டு: கேபிள் நடத்துகிறவர்களைப் பதிவு செய்யும் தலைமை அஞ்சலகத்துக்கு ஒன்று, மாவட்ட நிர்வாக அலுவலகத்துக்கு ஒன்று. மொத்தம் மூன்று பிரதிகள். புகாருக்கு மூன்று பிரதிகள் என்றால் இணைப்புகளுக்கும் மூன்று பிரதிகள். இதில் எனக்குச் சந்தேகமே வரவில்லை. இணைப்பில்லாத நகல் என்பது என் பிரிவில் என் முன்னால் வந்திருந்தால் நான் திருப்பி அனுப்பியிருப்பேன். இணைப்பு 'அ': ஒளிபரப்பு நேரக் குறிப்பு. இணைப்பு 'ஆ': கேசட்.

ஆகவே திங்கட்கிழமை அரை நாள் விடுப்பு எடுத்துக்கொண்டு, என் கேசட்டோடு கரோல் பாக்குக்குப் போனேன். அங்கே ஒரு மதுரைக்காரர் வீடியோ கேசட் வாடகைக் கடை வைத்திருந்தார். ஒன்றிலிருந்து மூன்று எடுக்கும் வசதி எனக்குத் தெரிந்து அங்கேதான் இருந்தது. திருட்டுக்கு எதிரான ஆதாரத்தைப் பிரதி எடுக்கத் திருடன் கடைக்குப் போகிறோம் என்ற எண்ணம் எனக்கு எழுந்ததா என்றால், எழுந்தது. ஆனால் நான் போவது உத்தியோக முறையில் என்று எனக்கே பதில் சொல்லிக்கொண்டேன்.

"இது சர்க்கார் விவகாரம். வெளிய போகக்கூடாது" என்றேன்.

"நம்ம கடையிலேர்ந்து எதுவுமே வெளிய போகாதுண்ணே" என்றார் கடைக்காரர். அவர் முதுகுக்குப் பின்னால் நானூறு கேசட்டுகள் வெளியே போவதற்கு அடுக்கித் தயாராக இருந்தன.

மூன்று மணி நேரம் காத்திருந்தேன். பிரதிகள் வந்ததும் அலுவலகத்திலேயே தட்டச்சு செய்து கொண்டுவந்திருந்த சீட்டுகளை ஒட்டினேன். ஒவ்வொரு சீட்டிலும் படத்தின் பெயர், 'இணைப்பு ஆ', 'உண்மை நகல்' என்ற ரப்பர் முத்திரை, அதன் கீழ் என் பெயரும் பதவியும் அலுவலக விலாசமும் கொண்ட வட்ட முத்திரை, கையெழுத்து, தேதி. நகல் என்றால் சான்றளிக்க வேண்டும். பிறப்புச் சான்றிதழிலிருந்து சாதிச் சான்றிதழ்வரை ஆயிரக்கணக்கில் நான் சான்றளித்திருக்கிறேன். கை தானாக முத்திரையை எடுத்தது. கைவசம் நான்கு சீட்டுகள். ஒன்று கோணலாக ஒட்டிக்கொண்டது. அதை உரித்து மேசைமேல் விட்டுவிட்டு வேறொன்றை ஒட்டினேன்.

மூன்று பிரதிகளை எடுத்த கடைக்காரர் நான்காவதாக ஒன்றும் எடுத்துக்கொண்டார் என்பதும், மேசையில் கிடந்த சீட்டை ஜெராக்ஸ் கடைக்கு அனுப்பினார் என்பதும் எனக்குப் பிற்பாடு தெரிந்தவை.

செவ்வாய்க்கிழமை காவல் நிலையம். உதவி ஆய்வாளர் புகாரை ஓரமாக வைத்துவிட்டுக் கேசட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "ஃபில்ம் கைசி ஹை?" என்றார். படம் எப்படி இருக்கிறது என்பதுதான் அவர் கேட்ட ஒரே கேள்வி. தமிழ்ப்படம் என்றதும் அந்த ஆர்வமும் போயிற்று. தலைமை அஞ்சலகத்தில், பதிவு செய்வதுதான் தங்கள் வேலை, பதிவு செய்தவன் என்ன காட்டுகிறான் என்று பார்ப்பது அல்ல என்றார்கள். மாவட்ட அலுவலகத்தில் கேசட்டை வாங்கிக்கொண்டு, வரவுப் பதிவேட்டில் 'பெட்டி ஒன்று' என்று எழுதினார்கள்.

வியாழக்கிழமை அலுவலக உணவு இடைவேளையில் கரோல் பாக்கிலிருந்து வரும் ஒரு சக ஊழியர் என் மேசைக்கு வந்தார்.

"என்ன சார், சைடு பிசினஸா? எங்க தெருவுல உங்க கேசட்தான் ஓடுது."

"என் கேசட்டா?"

"உங்க சீல் இருக்கே. கடைக்காரன் கவர்ன்மென்ட் சர்ட்டிஃபைடு பிரிண்ட்னு சொல்லிக் குடுக்கறான். மத்த கடை மாலுக்கு அந்த மரியாதை கெடையாது."

இந்த நாட்டில் பிரிவு 52அ கேட்கிறபடி பொறுப்பானவரின் பெயரும் விலாசமும் தாங்கி வெளிவந்த ஒரே திருட்டுக் கேசட் அதுவாகத்தான் இருக்க வேண்டும்.

சாயங்காலம் கரோல் பாக்குக்குப் போனேன். கடைக்காரர் மறுக்கவே இல்லை.

"தப்பா நெனச்சுக்காதீங்கண்ணே. நீங்க கையெழுத்துப் போட்டுக் குடுத்தா, பெரிய எடத்துல ஓகேன்னுதானே அர்த்தம்? மோதி பாக் பூரா குடுத்தாச்சு. முப்பதுக்கு மேல போயிருக்கு."

வாடகைக்குப் போன கேசட்டைத் திரும்பப் பெறுவதற்கு ஒரு படிவம் கிடையாது. இருந்திருந்தால் நிரப்பியிருப்பேன்.

ஞாயிற்றுக்கிழமை ஒன்பது மணிக்கெல்லாம் நானும் மகளும் தியேட்டரில் இருந்தோம். மனைவி வரவில்லை. பார்த்த படம் என்றாள். அண்ணாச்சி வழக்கம்போல் வெள்ளைச் சட்டையில் நுழைவாயிலில் நின்று வருகிறவர்களைக் கும்பிட்டுக்கொண்டிருந்தார். கும்பிடுவதற்கு அதிகம் வேலை இருக்கவில்லை. ஒன்பதரைக்கு மணி அடித்தபோது, எழுநூறு பேர் உட்காரும் இடத்தில் எண்பது பேர்.

"சார், இன்னைக்கு பஸ் எதுவும் ஓடலையா?" என்று என்னைக் கேட்டார்.

"ஓடுது அண்ணாச்சி."

"கிரிக்கெட்டு உண்டுமோ?"

"இல்ல."

"பெறகு ஏன் யாரும் வரல?"

நான் அப்போதே சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. உள்ளே போய் உட்கார்ந்தேன். படம் பளிச்சென்று இருந்தது. தோளும் இல்லை, பின்னந்தலையும் இல்லை. கடைசிப் பத்து நிமிடங்களும் இருந்தன. நகைச்சுவைக் காட்சிகளில் எண்பது பேரின் சிரிப்பு காலி நாற்காலிகளில் பட்டுச் சிறுத்துவிட்டது. இரண்டாவது நகைச்சுவைக்குப் பிறகு சிரிப்பதற்கே கூச்சப்பட்டார்கள். கேசட்டில் முன் பின் தெரியாதவர்கள் சிரித்த அதே இடங்களில் நாங்கள் மௌனமாக உட்கார்ந்திருந்தோம்.

வெளியே வந்தபோது மகள், "அப்பா, வீட்டுல பாத்தது வேற படம் மாதிரி இருந்துது. அதுல அந்த அம்மா கேரக்டர் அழுதாங்கன்னே எனக்குத் தெரியல" என்றாள். தெரியாததற்குக் காரணம் உண்டு. அந்த அம்மாள் அழுத நேரம் முழுவதும் கேமராக்காரனுக்கு முன்னால் இருந்தவன் எழுந்து நின்று சட்டையைச் சரிசெய்துகொண்டிருந்தான்.

பன்னிரண்டு நாள் கழித்து அண்ணாச்சி வீட்டுக்கு வந்தார். உட்காரவில்லை. சட்டைப்பையிலிருந்து ஒரு கடிதத்தையும், கைப்பையிலிருந்து ஒரு கேசட்டையும் எடுத்து மேசைமேல் வைத்தார். கேசட் சென்னையிலிருந்து கூரியரில் வந்திருந்தது. தில்லியில் யாரோ வாங்கி, விநியோகஸ்தருக்கு அனுப்பியிருக்கிறார்கள். மேலே என் ஜெராக்ஸ் சீட்டு.

"இது ஒங்க கையெழுத்தா சார்?"

"ஆமா அண்ணாச்சி."

"தேதியும் நீங்க போட்டதுதானா?"

"ஆமா."

"அந்தத் தேதியில பெட்டி எங்க வீட்டுல கெடந்துது."

"தெரியும்."

"எதுக்கு சார் போட்டிய?"

"சான்று இல்லாத இணைப்ப யாரும் எடுத்துக்க மாட்டாங்க."

"இப்ப எடுத்துக்கிட்டாவளா?"

"இன்னும் பதில் வரல."

அவர் விநியோகஸ்தரின் கடிதத்தை என் பக்கம் தள்ளினார். "தில்லியில ஒரு ஆபீசரே நகல்னு எழுதிக் குடுத்திருக்காரு, இதுக்கு மேல என்ன சாட்சி வேணும்னு கேக்கான். என்கிட்ட பதில் இல்ல சார். ஒங்ககிட்ட இருந்தா எழுதுங்க" என்றார். கோபமாகச் சொல்லியிருந்தால் எனக்குச் சௌகரியமாக இருந்திருக்கும். என் மனைவி காபி கொண்டுவந்தாள். குடித்துவிட்டுத்தான் போனார். அதுவும் கோபமில்லாமல்.

அன்றே விநியோகஸ்தருக்குப் பதிவுத் தபாலில் எழுதினேன். நான்கு பக்கம். தவறு முழுவதும் என்னுடையது என்றேன். சான்றளித்தது கேபிள் ஒளிபரப்பின் பதிவுக்குத்தானே தவிர, அவருடைய படச்சுருளுக்கு அல்ல என்றேன். படச்சுருளிலிருந்து எடுத்த நகலில் பார்வையாளர் தலை விழ வழியில்லை என்பதை எடுத்துக்காட்டி, கேசட்டைப் போட்டு ஒருமுறை பார்க்கும்படி கேட்டுக்கொண்டேன். அண்ணாச்சிக்குப் பெட்டி அனுப்புவதைத் தொடர வேண்டினேன். அந்தக் கடிதத்துக்கு ஒரு பிரதிதான் எடுத்தேன். அதில் சான்றளிக்கவில்லை.

நான் சட்டத்தை மீறினேனா என்று அந்த வாரம் உட்கார்ந்து பார்த்தேன். நீதிமன்ற நடவடிக்கைக்காகப் பிரதி எடுப்பது குற்றமாகாது என்று பிரிவு 52 சொல்கிறது. நடவடிக்கை எதுவும் தொடங்கவே இல்லை. ஆகவே அந்த நிழலில் எனக்கு இடமில்லை. மேல் வீட்டுக்காரர் ஒரு கேசட் கொண்டுவந்தார். கேபிள்காரர் இரண்டு முறை காட்டினார். நான் மூன்று பிரதி எடுத்து, முத்திரை குத்தி, தில்லி முழுக்கப் பரவ வைத்தேன். எங்கள் மூவரில் அதிகம் திருடியவன் யார் என்பதில் எனக்குக் குழப்பமில்லை.

ஆனாலும் மற்றவர்களை விட்டுவிட எனக்கு மனமில்லை. முத்திரை குத்தியது நான். பார்த்தது அவர்கள். அண்ணாச்சியிடம் வாங்கிய டிக்கெட்டைச் சாமி படத்துக்குப் பின்னால் செருகி வைத்துவிட்டு, பின்னந்தலைக்குப் பின்னால் கழுத்தை வளைத்துப் பார்த்த குடும்பங்கள். அண்ணாச்சியின் காட்சி நின்றுவிட்டது என்று தெரிந்ததும் அதே குடும்பங்கள் படிக்கட்டில் என்னிடம் கேட்டன: "என்ன சார், இனிமே தில்லியில தமிழ்ப்படமே வராதா? சர்க்கார்ல சொல்லி ஏதாவது பண்ணக்கூடாதா?" பெரிய நடிகர்களுக்கு நட்டம் என்று சொல்லி இவர்களைத் திருத்த முடியாது. அவர்களுக்கு நட்டமில்லை என்று இவர்களுக்குத் தெரியும். திருட்டுப் படம் பார்க்கிறவன் திருடுவது பங்களாக்காரனிடமிருந்து அல்ல. தன் பக்கத்து இருக்கைக்காரனிடமிருந்து. தன் பிள்ளை அரை விநாடி தாமதமாகச் சிரிக்கப் பழகும் இடத்தை எடுத்துவிடுகிறான். இதை மேல் வீட்டுக்காரரிடம் சொன்னேன். "பேஷ், மீட்டிங்ல பேசும்" என்றார்.

மூன்று மாதம் பெட்டி வராததால் தியேட்டர்க்காரர்கள் ஞாயிற்றுக்கிழமைக் காலையை ஆங்கிலப் பேச்சுப் பயிற்சி நடத்தும் ஒருவருக்குக் கொடுத்துவிட்டார்கள். அண்ணாச்சி வேறு இரண்டு விநியோகஸ்தர்களைக் கேட்டுப் பார்த்தார். அவர்கள் முதலாமவரை விசாரித்தார்கள். முதலாமவர் என் சீட்டைப் பற்றிச் சொன்னார். பிறகு நான் அண்ணாச்சியை ஓரிரு முறை மோதி பாக் பஸ் நிறுத்தத்தில் பார்த்தேன். ஞாயிற்றுக்கிழமை காலைகளில் என்ன செய்கிறார் என்று ஒருமுறை கேட்டேன். "தூங்குதேன் சார். ஒங்க கிட்வாய் நகர்க்காரங்க மாதிரி" என்றார்.

விநியோகஸ்தருக்கு இரண்டு மாதங்களுக்கு ஒருமுறை நினைவூட்டல் அனுப்பினேன். முதல், இரண்டாம், மூன்றாம் நினைவூட்டல் என்று மேலே எண் போட்டு. ஆறாவதில் மரியாதைச் சொற்களைக் குறைத்தேன். காவல் நிலையம், அஞ்சலகம், மாவட்ட அலுவலகம் மூன்றிலிருந்தும் இந்த எழுத்தை எழுதும் நாள்வரை எனக்கு ஒரு வரியும் வரவில்லை. அந்த மூன்று கேசட்டுகளும் யார் வீட்டில் ஓடித் தேய்ந்தனவோ தெரியாது.

1998 அக்டோபரில் அண்ணாச்சி பணி ஓய்வு பெற்றார். குடியிருப்பைக் காலி செய்துகொண்டு ஊருக்குக் கிளம்பினார். ரயில் நிலையத்துக்குப் போயிருந்தேன். அவர் மனைவி என்னிடம் பேசவில்லை. அவர் மட்டும் ஜன்னல் வழியாக, "சென்னைக்காரன் பதில் போட்டானா சார்?" என்று கேட்டார். இல்லை என்றேன். "போட்டா எனக்கு ஒரு காப்பி அனுப்புங்க" என்றவர், "சீலு வேண்டாம்" என்று சேர்த்துக்கொண்டார்.

விநியோகஸ்தரின் பதில் ஒரே பத்தி. கேசட்டை இப்போதுதான் போட்டுப் பார்த்ததாகவும், அது தியேட்டரில் பிடித்த படம் என்று தெரிவதாகவும், தில்லிச் சங்கத்தின்மேல் தவறில்லை என்பதை ஏற்பதாகவும், வரும் பொங்கல் முதல் பெட்டி அனுப்ப ஆட்சேபணை இல்லை என்றும், காட்சி நடத்துகிறவரை நேரில் தொடர்புகொள்ளச் சொல்லும்படியும் எழுதியிருந்தார். பெறும் கடிதங்களில் செய்வதுபோல், வலது மேல் மூலையில் வந்து சேர்ந்த நாளை எழுதி, கீழே சுருக்கொப்பம் இட்டேன். 1998 நவம்பர் 19, வியாழக்கிழமை.